2005ஐ எங்கே வைப்பது? பழைய புரொஃபைலுக்கும் பாட்டுக்கும் படங்களுக்கும் நான்கு வழிகள்

நாற்பதை நெருங்கிக்கொண்டிருக்கிறவர்களிடமிருந்து ஒரே மாதிரியான கேள்வி வருகிறது. காலேஜ் நாட்களில் ஏற்றிய படங்கள் ஏதோ ஒரு தளத்தில் கிடக்கின்றன, பாஸ்வேர்டு மறந்துவிட்டது. ஆசை ஆசையாகச் சேர்த்த பாட்டுகள் பழைய ஐபாடில் இருக்கின்றன, அதில் சார்ஜ் நிற்பதில்லை. ஹாஸ்டல் அறையில் ஆடிய ஆட்டம் ஒரு பட்டன் போனின் மெமரி கார்டில் இருக்கிறது. எல்லாவற்றையும் இருக்கிற இடத்திலேயே விட்டுவிடலாமா, இறக்கி ஹார்ட் டிஸ்கில் போடவா, இல்லை அந்தக் கருவிகளையே பத்திரப்படுத்தவா?

எதைக் காப்பாற்றப் போகிறோம் என்று தெரிந்துவிட்டால் பாதிக் குழப்பம் தீரும். அந்தக் காலத்திலிருந்து மிஞ்சியிருப்பவை மூன்று விதம். ஒன்று கோப்பு: படம், பாட்டு, வீடியோ. அடுத்தது, அந்தக் கோப்பைச் சுற்றி இருந்தவை. அந்தக் கால நட்புத் தளமான மைஸ்பேஸில் ஒருவர் பக்கத்தைத் திறந்ததுமே தானாக ஓடிய பாட்டு, நெருங்கிய எட்டு நண்பர்களைக் காட்டும் 'டாப் 8' வரிசையில் யாரை எத்தனையாவது இடத்தில் வைத்தோம் என்பதால் வந்த மனத்தாங்கல், அதே போன்ற ஆர்குட் தளத்தில் நண்பர்கள் நம்மைப் பற்றி எழுதித் தந்த டெஸ்டிமோனியல், ஒரு படத்துக்குக் கீழே விடிய விடிய நீண்ட கமென்ட் சண்டை. இதைச் சுற்றம் என்று சொல்லிக்கொள்கிறேன். கமென்ட் போட்டவர்களும் நம் சுற்றம்தானே. மூன்றாவது அனுபவம்: ஐபாடின் வட்டத்தில் விரலைச் சுழற்றிப் பாட்டைத் தேடியது, ஒரே எழுத்துக்கு மூன்று முறை பட்டனை அமுக்கியது.

மூன்றும் ஒரே வழியில் பிழைக்காது. பெரும்பாலோர் கோப்பைக் காப்பாற்றிவிட்டு நிம்மதியாகிவிடுகிறார்கள். சுற்றம் போய்விட்டது பல வருடம் கழித்துத்தான் உறைக்கிறது.

## எதை வைத்து எடைபோடுவது

என் அளவுகோல்கள் ஐந்து.

- பத்து வருடம் கழித்தும் திறக்குமா?
- சுற்றம் கூடவே வருமா?
- சாவி யார் கையில்? நாளைக்கு ஒரு நிறுவனம் மனம் மாறினால் நமக்கு என்ன ஆகும்?
- வேலை எவ்வளவு? ஒரே தடவையில் முடிகிற வேலையா, வருடா வருடம் செய்ய வேண்டியதா?
- மற்றவர்களின் விஷயம் எவ்வளவு கலந்திருக்கிறது?

கடைசி அளவுகோலை யாரும் யோசிப்பதில்லை. பத்தொன்பது வயதில் ஒரு நண்பர் உங்கள் பக்கத்தில் எழுதிவைத்த காதல் புலம்பல் உங்கள் நினைவுப்பொருள் என்றாலும், அவருடைய அந்தரங்கமும் அதில் இருக்கிறது. நண்பர்கள் செய்தி எழுதிவிட்டுப் போகும் ஆர்குட் ஸ்க்ராப்புக்கை ஆரம்பத்தில் யார் வேண்டுமானாலும் புரட்டிப் பார்க்கலாம் என்பதால் அன்று நமக்கு அது உறுத்தவில்லை. இன்று உறுத்த வேண்டும்.

## வழி 1: இருக்கிற இடத்திலேயே விட்டுவிடுவது

வேலையே இல்லாத வழி என்பதால் பலரும் இதைத்தான் தேர்ந்தெடுக்கிறார்கள். தேர்ந்தெடுக்கிறார்கள் என்பதைவிட, வேறெதுவும் செய்யாததால் இதில் வந்து நிற்கிறார்கள்.

இதன் பெரிய பலம் சுற்றம். தளம் உயிரோடு இருக்கும்வரை படமும் கமென்ட்டும் டேக்கும் தேதியும் ஒன்றாக இருக்கும். பழைய படத்தில் யாராவது இன்றைக்கு ஒரு வரி எழுதினால் பத்துப் பேர் மறுபடி கூடிவிடுவார்கள். வேறு எந்த வழியிலும் இது நடக்காது.

பலவீனம் என்ன என்பதற்கு வரலாறே சாட்சி. 2002இல் ஃபிரண்ட்ஸ்டர், 2003இல் மைஸ்பேஸ், 2004இல் ஆர்குட், ஃபேஸ்புக், ஃபிளிக்கர், 2005இல் யூடியூப் என்று வரிசையாக வந்தன. 2011இல் ஃபிரண்ட்ஸ்டர் தன்னை விளையாட்டுத் தளமாக மாற்றிக்கொண்டபோது பழைய படங்களையும் பிளாக்குகளையும் அழித்துவிட்டது. ஆர்குட் 2014 செப்டம்பர் 30 அன்று மூடப்பட்டது. சொந்தப் புரொஃபைலையும் ஸ்க்ராப்புகளையும் இறக்கிக்கொள்ள 2016 வரை அவகாசம் தந்தார்கள். கம்யூனிட்டிகளைக் காட்சிக்கு வைத்திருந்த பக்கமும் அப்புறம் போய்விட்டது. இவற்றிலெல்லாம் முன்னறிவிப்பாவது இருந்தது. மைஸ்பேஸ் கதை வேறு. சர்வர் மாற்றும்போது தவறு நடந்து, 2003 முதல் 2015 வரை ஏற்றப்பட்ட பாட்டு, படம், வீடியோ எல்லாம் தொலைந்துவிட்டதாக 2019இல்தான் வெளியே தெரிந்தது. ஐந்து கோடிப் பாட்டுகள் என்று அப்போது செய்திகள் வந்தன. பாடகி லில்லி ஆலன் போன்றவர்கள் டெமோ பாட்டுகளைப் போட்டுக் கவனம் பெற்ற இடம் அது. வேறெங்கும் வெளியாகாத எத்தனையோ சின்னக் குழுக்களின் பாட்டுகளுக்கு அந்த ஒரு பிரதிதான் இருந்தது.

தளம் மூடாவிட்டாலும் மறைமுகச் செலவு உண்டு. 2017இல் படங்களை ஏற்றிவைக்கும் தளமான ஃபோட்டோபக்கெட், மற்றத் தளங்களில் தன் படங்களைக் காட்ட வருடத்துக்கு 399.99 டாலர் கேட்டது. பல வருடங்களாக இலவசமாகத் தெரிந்துகொண்டிருந்த படங்கள் இருந்த இடத்தில் ஒரே இரவில் பணம் கேட்கும் அறிவிப்புப் பலகை. அடுத்த வருடமே ஃபிளிக்கர் இலவசக் கணக்குகளுக்கு 1,000 படங்கள் என்று வரம்பு வைத்தது. இரண்டு வருடம் யாரும் தொடாத கணக்குகளைக் கூகுள் 2023 டிசம்பரிலிருந்து நீக்கத் தொடங்கியது. யூடியூபில் வீடியோவுக்கு வீடியோவாலேயே பதில் போடும் வசதி 2013இல் போனது. வீடியோ மேல் ஒட்டிய குறிப்புக் கட்டங்கள் 2019 ஜனவரியில் போயின. 'இந்தக் கதவைத் திறக்க இங்கே அமுக்கு' என்று அந்தக் கட்டங்களை வைத்தே இளைஞர்கள் செய்த விளையாட்டு வீடியோக்கள் இன்றும் அங்கே இருக்கின்றன. அமுக்குவதற்குத்தான் கதவு இல்லை.

இன்னொரு சிக்கல் பழைய மின்னஞ்சல் முகவரி. பாஸ்வேர்டை மீட்கும் இணைப்பு அந்த முகவரிக்குத்தான் போகும். அந்த அஞ்சல் பெட்டியே காலாவதியாகியிருந்தால் கணக்கு கண்ணெதிரே இருந்தும் உள்ளே நுழைய முடியாது. இந்த வழியைத் தேர்ந்தெடுப்பவர் குறைந்தபட்சம் முகவரியை மாற்றிவிட்டு, ஆறு மாதத்துக்கு ஒரு முறை உள்ளே போய்ப் பார்த்துவிட்டு வர வேண்டும்.

எப்போது சரி: தளம் நன்றாக நடந்துகொண்டிருக்கிறது, நண்பர்களும் இன்னும் அங்கேதான் இருக்கிறார்கள், படத்தைவிடப் பேச்சுதான் உங்களுக்கு முக்கியம் என்றால்.

## வழி 2: இறக்கிச் சொந்த டிஸ்கில் வைப்பது

ஃபேஸ்புக் 2010இலேயே இந்த வசதியைத் தந்தது. கூகுள் 2011இல் டேக்அவுட் என்ற பெயரில் தந்தது. 2018இல் ஐரோப்பாவின் தரவுப் பாதுகாப்புச் சட்டம் வந்த பிறகு பெரிய தளங்கள் எல்லாவற்றிலுமே எங்காவது ஒரு மூலையில் இதற்கான பட்டன் இருக்கிறது. அமுக்கினால் சில மணி நேரத்திலோ சில நாட்களிலோ ஒரு மூட்டை வரும். சாவி நம் கைக்கு வந்துவிடும்.

மூட்டையைப் பிரித்த பிறகு சில ஏமாற்றங்கள் காத்திருக்கின்றன.

முதலாவது, படத்தின் அளவு. அந்தக் காலத் தளங்கள் படத்தைச் சுருக்கித்தான் வைத்துக்கொண்டன. ஆரம்ப கால ஃபேஸ்புக்கில் 604 பிக்சல் அகலம். 2010இல்தான் 2048 வரை அனுமதித்தார்கள். 2007இல் ஏற்றிய படத்தை இறக்கினால் அந்தச் சின்னப் படம்தான் வரும். கேமரா பதிந்துவைத்த தேதி, நேரம் போன்ற விவரங்களையும் தளம் உருவிவிட்டிருக்கும்.

இரண்டாவது, உங்களை வைத்து மற்றவர்கள் ஏற்றிய படங்கள். உங்கள் நண்பரின் ஆல்பத்தில் நீங்கள் சிரித்துக்கொண்டு நிற்கும் படம் உங்கள் மூட்டையில் வராது, அவருடைய மூட்டையில்தான் வரும். யோசித்துப் பார்த்தால் நம்முடைய நல்ல படங்களில் பாதியாவது இன்னொருவர் எடுத்ததுதான். ஆகவே இது தனியாகச் செய்கிற வேலை இல்லை. நான்கு நண்பர்கள் ஒரே வாரத்தில் இறக்கிப் பகிர்ந்துகொண்டால் கிடைப்பது பல மடங்கு.

மூன்றாவது தமிழில் எழுதியவர்களுக்கு. இறக்கும்போது எச்டிஎம்எல், ஜேசன் என்று இரண்டு வடிவம் கேட்பார்கள். ஃபேஸ்புக்கின் ஜேசன் கோப்பைத் திறந்தால் தமிழ் எழுத்துகள் இருக்க வேண்டிய இடத்தில் u00 என்றும் பின்சாய்வுக் கோடுகள் என்றும் புரியாத குப்பை தெரியும். எழுத்துகள் அழியவில்லை, தவறான முறையில் குறியிடப்பட்டிருக்கின்றன. புரோகிராம் தெரிந்தவர் சில வரியில் சரிசெய்துவிடுவார். மற்றவர்கள் எச்டிஎம்எல் வடிவத்தையே கேட்டு வாங்குங்கள். பிரவுசரிலேயே திறந்து படித்துவிடலாம்.

அப்புறம் டிஸ்க். 2006இல் நான் பதினொரு சிடிக்களில் எல்லாவற்றையும் எழுதி, மேலே மார்க்கரால் பெயரும் போட்டு, பெரிய காரியம் செய்துவிட்ட திருப்தியில் அலமாரியில் வைத்தேன். பன்னிரண்டு வருடம் கழித்து எடுத்தபோது நான்கு படிக்கவே இல்லை. எழுதும் சிடியில் தகவல் இருப்பது ஒரு சாயப் படலத்தில். வெயிலும் சூடும் அதைக் கெடுத்துவிடும். பென் டிரைவும் மெமரி கார்டும் மின்னூட்டத்தில்தான் தகவலை வைத்திருக்கின்றன. வருடக்கணக்கில் மின்சாரமே காணாமல் கிடந்தால் அது மெல்லக் கசிந்துவிடும். ஹார்ட் டிஸ்கிலோ சுழலும் பாகம் என்றைக்காவது நிற்கும். எனவே ஒரு பிரதி என்பது பிரதியே இல்லாததற்குச் சமம். மூன்று பிரதி, இரண்டு வகைச் சாதனம், ஒன்று வேறு வீட்டில் என்று புகைப்படக்காரர்கள் சொல்லும் கணக்கு இங்கேயும் பொருந்தும்.

எப்போது சரி: கிட்டத்தட்ட எல்லோருக்கும் இது வேண்டும். ஆனால் இது மட்டுமே போதும் என்பவர்கள், கோப்பு இருந்தால் போதும், யார் என்ன எழுதினார்கள் என்பது பற்றிக் கவலையில்லை என்று உறுதியாகச் சொல்லக்கூடியவர்கள்தான்.

## வழி 3: பொதுக் காப்பகத்தை நம்புவது

இன்டர்நெட் ஆர்க்கைவ் 1996இலிருந்து இணையப் பக்கங்களைச் சேகரித்துவருகிறது. 2001இல் அதற்காகத் திறந்த வாசல்தான் வேபேக் மெஷின். சொந்த இணையப் பக்கம் கட்ட இலவசமாக இடம் தந்த ஜியோசிட்டீஸை 2009இல் யாஹூ மூடியபோது, ஆர்க்கைவ் டீம் என்ற தன்னார்வலர் கூட்டம் ஓடிஓடிப் பெரும்பகுதியை அள்ளிவைத்தது. மினுமினுக்கும் பின்னணி, 'கட்டுமானப் பணி நடக்கிறது' பலகை, நட்சத்திரம் உதிரும் மவுஸ் எல்லாம் அதனால்தான் பிழைத்தன. மைஸ்பேஸ் பாட்டுகளிலும் சுமார் 4,90,000 பிழைத்தன. கல்வி ஆய்வுக்காக ஒரு குழு முன்பே இறக்கிவைத்திருந்ததை 2019இல் இன்டர்நெட் ஆர்க்கைவ் வெளியிட்டது. தொலைந்ததோடு ஒப்பிட்டால் நூற்றில் ஒன்றுதான்.

ஃப்ளாஷ் என்ற அடோபி மென்பொருளில் செய்து, பிரவுசரில் ஆடிய விளையாட்டுகளுக்கு இதைவிட நல்ல வழி கிடையாது. கம்ப்யூட்டர் வகுப்பில் ஆசிரியர் திரும்பிய நேரத்தில் ஆடியதெல்லாம் பெரும்பாலும் ஃப்ளாஷில் செய்தவை. 2020 முடிவோடு அடோபி ஃப்ளாஷைக் கைவிட்டது, 2021 ஜனவரி 12 முதல் அதுவே ஓட மறுத்தது. ரஃபிள் என்ற இலவச மென்பொருள் அந்த இடத்தைப் பிடித்துக்கொண்டது. காப்பகத்திலிருக்கும் ஆயிரக்கணக்கான ஃப்ளாஷ் விளையாட்டுகளும் அனிமேஷன்களும் அதன் தயவில் பிரவுசரிலேயே ஓடுகின்றன. ஒரு விளையாட்டின் பெயர் மட்டும் நினைவிருந்தால் முதலில் அங்கே தேடுங்கள்.

சொந்த நினைவுகளுக்கு வந்தால் நிலைமை வேறு. லாகின் செய்தால்தான் தெரியும் பக்கம் எதையும் வேபேக் மெஷின் பிடித்திருக்காது. ஆர்குட்டின் உயிரே லாகினுக்கு உள்ளேதான் இருந்தது, அதனால் அங்கே தேடிப் பெரிய பயனில்லை. பொதுவில் இருந்த பிளாக்கோ மைஸ்பேஸ் பக்கமோ கிடைக்கலாம், அதற்கும் பழைய முகவரி எழுத்துக்கு எழுத்து தெரிய வேண்டும். கிடைத்தாலும் பல நேரம் பக்கம் இருக்கும், படம் இருந்த இடத்தில் வெறும் கட்டம் இருக்கும். காப்பகத்துக்கும் ஆபத்து உண்டு: 2024 அக்டோபரில் நடந்த இணையத் தாக்குதலில் அது பல நாட்கள் முடங்கியது.

வேறொரு விலையும் உண்டு. இங்கே இருப்பதை உலகமே பார்க்கலாம். உயிரோடு இருக்கும் பொதுப் பக்கத்தை நாமே சேமிக்கச் சொல்லும் வசதி அங்கே இருக்கிறது. உங்கள் பழைய பிளாக்கைத் தாராளமாகச் சேமியுங்கள். நண்பர்களின் பெயரோடு அவர்கள் புலம்பியது இருக்கும் பக்கமானால், முதலில் அவர்களிடம் ஒரு வார்த்தை கேளுங்கள்.

எப்போது சரி: உங்கள் சொந்தப் பொருளை விட அந்தக் காலத்தின் பொதுச் சொத்து (விளையாட்டு, ரசிகர் தளம், பிளாக், சின்னக் குழுவின் பாட்டு) வேண்டும் என்றால்.

## வழி 4: கருவியையே வைத்திருப்பது

அனுபவத்துக்கு இதை அடித்துக்கொள்ள எதுவும் இல்லை. 2001இல் 5 ஜிபியோடு வந்த ஐபாடின் விற்பனை 2022இல் முடிந்துவிட்டது. ஆனாலும் ஓடுகிற ஒன்றைக் கையில் எடுத்தால் அறிவிப்பு மணி எதுவும் அடிக்காது, அடுத்து என்ன கேட்க வேண்டும் என்று யாரும் பரிந்துரைக்க மாட்டார்கள்.

செலவுகள்: பேட்டரி வீங்கும். வீங்கிய பேட்டரி உள்ள போனைச் சார்ஜில் போடாதீர்கள், அலமாரியிலும் வைக்காதீர்கள். பழுது பார்ப்பவரிடம் கொடுத்து பேட்டரியைக் கழற்றிவிடுங்கள். நோக்கியாவுக்கு ஒரு கேபிள், சோனி எரிக்சனுக்கு வேறொன்று என்று ஆளுக்கொரு வாய் வைத்திருந்த காலம் அது, கேபிள் கிடைப்பதே பாடு. ஒலிம்பஸ், ஃபியூஜி கேமராக்களின் எக்ஸ்டி மெமரி கார்டுக்கு ரீடரைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். போனில் எடுத்த வீடியோக்கள் 3ஜிபி என்ற வகையில் இருக்கும் (கொள்ளளவு என்று நினைத்துவிடாதீர்கள், கோப்பின் வகையே அதுதான்). அதைக் கம்ப்யூட்டரில் விஎல்சி என்ற இலவச பிளேயர் திறந்துவிடும். ஐபாடைக் கம்ப்யூட்டரில் செருகினால் பாட்டுகள் மறைந்த ஃபோல்டரில் நான்கெழுத்துப் புதிர்ப் பெயர்களோடு இருக்கும். பயப்பட வேண்டாம், பாட்டின் உண்மையான பெயர் பெரும்பாலும் கோப்புக்குள்ளேயே எழுதப்பட்டிருக்கும். பாட்டு நிர்வகிக்கும் எந்த மென்பொருளும் அதைப் படித்துக்கொள்ளும்.

இந்த வழியின் உண்மையான மதிப்பு வேறு இடத்தில் இருக்கிறது. தளத்தில் இருப்பது சுருக்கிய படம்; கேமரா கார்டில் இருப்பது அசல். அதாவது சுற்றம் தளத்திடம் இருக்கிறது, அசல் கருவியிடம் இருக்கிறது. ஒன்றை வைத்து இன்னொன்றை ஈடுகட்ட முடியாது. கார்டில் இருக்கும் தேதியை மட்டும் கண்ணை மூடிக்கொண்டு நம்பாதீர்கள்: பேட்டரி தீர்ந்து கேமராக் கடிகாரம் ஆரம்பத்துக்கே போய்விட்டதால், என் 2006 சுற்றுலா முழுவதும் 2003 ஜனவரி ஒன்றாம் தேதி நடந்ததாகப் பதிவாகியிருக்கிறது.

எப்போது சரி: அசல் தரத்தில் கோப்புகளை எடுக்க ஒரு முறை; தொட்டுப் பார்க்கிற சுகத்துக்கு எப்போதும். பாதுகாப்புக்கு இதை மட்டும் நம்பக் கூடாது.

## பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்

| | தளத்திலேயே | சொந்த டிஸ்க் | பொதுக் காப்பகம் | கருவி |
|---|---|---|---|---|
| பத்து வருடம் கழித்து | சொல்ல முடியாது | பிரதிகள் இருந்தால் நிச்சயம் | பெரும்பாலும் | பேட்டரி, கேபிளைப் பொறுத்து |
| சுற்றம் | முழுதாக | கொஞ்சம் | பொதுப் பக்கமானால் ஓரளவு | இல்லை |
| சாவி | நிறுவனத்திடம் | உங்களிடம் | காப்பகத்திடம் | உங்களிடம் |
| வேலை | குறைவு, ஆனால் தொடர்ந்து | முதலில் அதிகம், பிறகு வருடத்துக்கு ஒரு நாள் | தேடுவதுதான் வேலை | தொல்லை அதிகம் |
| மற்றவர் அந்தரங்கம் | பழைய அமைப்பைச் சரிபார்க்க வேண்டும் | பாதுகாப்பு | கவனம் தேவை | பாதுகாப்பு |

## பாட்டுக்கு மட்டும் தனிக் கணக்கு

பாட்டு விஷயத்தில் நான் கொஞ்சம் கறாராக இருப்பேன். பாட்டுக் கோப்புகளை இணையத்தில் ஒருவருக்கொருவர் பகிர்ந்துகொண்ட நாப்ஸ்டர், லைம்வயர் காலத்தில் சேர்த்த எம்பி3 கோப்புகளில் பல மட்டமான தரம், பாடியவர் பெயரே தப்பாக இருக்கும், சிலது கடைசி நிமிடத்தில் அறுந்துபோயிருக்கும். அவற்றில் பெரும்பாலானவை இன்றைய ஸ்ட்ரீமிங்கில் நல்ல தரத்திலேயே கிடைக்கின்றன. நாலாயிரம் கோப்புகளையும் காப்பாற்ற மெனக்கெட வேண்டாம்.

காப்பாற்ற வேண்டியவை இரண்டு. எங்கேயும் கிடைக்காதவை: நண்பர்களின் குழு பதிவுசெய்தது, டெமோ, யாரோ வீட்டில் செய்த ரீமிக்ஸ். அப்புறம் பிளேலிஸ்ட் வரிசை. எந்தப் பாட்டுக்குப் பின் எந்தப் பாட்டு என்று நீங்கள் அடுக்கிய அந்தப் பட்டியல் ஒரு ஸ்ட்ரீமிங் நிறுவனத்திடமும் இல்லை. ஒரு சாதாரண டெக்ஸ்ட் கோப்பில் எழுதிவைத்தால் போதும், சில கிலோபைட்தான் ஆகும்.

## யார் எதைச் செய்யலாம்

நேரமே இல்லை என்பவர்கள் கணக்கின் மின்னஞ்சல் முகவரியை மாற்றிவிட்டு, இறக்கும் பட்டனை ஒரு தடவை அமுக்கிவிடுங்கள். பிரித்துப் பார்ப்பதைப் பிறகு வைத்துக்கொள்ளலாம்.

ஒரு வார இறுதி ஒதுக்க முடிந்தவர்கள் முதலில் கருவிகளிலிருந்து அசல்களை எடுங்கள். கார்டுகள் நமக்காகக் காத்திருக்காது. அடுத்து மூடப்போவதாக அறிவித்த தளம் ஏதாவது இருந்தால் அதை இறக்குங்கள். நன்றாக ஓடிக்கொண்டிருக்கும் தளம் கடைசியில்.

சுற்றம்தான் வேண்டும் என்கிறவர்களுக்கு நான் கண்ட எளிய வழி ஸ்க்ரீன்ஷாட். எல்லாப் படங்களுக்கும் வேண்டாம். நினைத்தால் சிரிப்பு வருகிற முப்பது, நாற்பது பதிவுகளைத் தேர்ந்தெடுங்கள். போனில் எடுக்காமல் கம்ப்யூட்டரின் பெரிய திரையில் திறந்து, 'மேலும் கமென்ட்டுகள்' என்று மடித்துவைத்திருப்பதை எல்லாம் விரித்துவிட்டு, முழுப் பக்கத்தையும் பிடிஎஃப் ஆகச் சேமியுங்கள். கோப்பின் பெயரில் வருடத்தையும், கமென்ட் போட்டவர்களின் பட்டப்பெயர்களுக்கு உரிய உண்மைப் பெயர்களையும் எழுதிவிடுங்கள். 'கூல் டியூட் 007' யார் என்று இப்போதே எனக்குப் பாதி மறந்துவிட்டது.